மொஸ்கோவில் வாங்கிய புலிநகம்

மகனுக்கு,

போன வாரம் நீ ஒரு தாளில் கையெழுத்து வைத்து என்னிடம் தந்துவிட்டுப் போனாய். கீழே அப்பாவும் ஒரு கையெழுத்து வைத்தால் இந்தச் சுவிஸ் கன்டோன் அரசின் அலுவலகத்துக்கு அனுப்பிவிடலாம் என்றாய். அந்தத் தாளில் எழுதியிருப்பது பொய். அந்தப் பொய்யைச் சொன்னவள் நான். நீ அதை நம்பி எழுதினாயா, நம்புவதுபோல எழுதினாயா என்று எனக்குத் தெரியாது. எதுவென்றாலும் எனக்கு வெட்கம்தான். இன்னும் பன்னிரண்டு நாளில் நீ ரஷ்யாவும் சீனாவும் தொடுகிற கோடியிலுள்ள பனிக்காட்டுக்குப் புலி ஆராய்ச்சிக்காகப் புறப்படுகிறாய். அதற்கு முன்னால் உள்ளதைச் சொல்லிவிட வேண்டும். நேரில் சொல்ல எனக்கு வாய் வராது. உன் முகத்தைக் கண்டால் சாப்பிட்டாயா என்றுதான் கேட்பேன், நீயும் ஓம் என்பாய், கதை அதோடு முடிந்துவிடும்.

இதை ஓர் உறையில் போட்டு உனக்கு மட்டும் அனுப்பியிருக்கலாம். ஆனால் பாடனில், உன் மாமியார் வீட்டில், அன்று நான் உன்னை ஏசியது நாற்பது பேர் முன்னால். பேச்சைக் கூட்டத்தில் பேசிவிட்டு மன்னிப்பை மட்டும் உறைக்குள் ஒட்டி அனுப்புவது நல்ல பழக்கம் இல்லை. அதனால்தான் நம்மவர்கள் இங்கே நடத்தும் மாத இதழுக்கு இதைக் கொடுக்கிறேன். நீ புறப்படும் முன், அடுத்த கிழமையே இதழ் வந்துவிடுமாம். உனக்குத் தமிழ் வாசிக்க நேரம் எடுக்கும் என்று தெரியும். சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்கு நீ போன அழகு எனக்குத் தெரியாதா? நிலானி வாசித்துக் காட்டட்டும், உன்னைவிட உன் மனைவிக்குத் தமிழ் ஓடும். இன்னொன்றையும் முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இந்தக் கடிதத்தில் புலி என்றால் புலிதான். நாலு காலும் வரியும் உள்ள, காட்டில் இருக்கிற மிருகம். வேறு எதையும் தேடி யாரும் வரிக்கு வரி மோந்து பார்க்க வேண்டாம்.

உன் பிள்ளையின் முப்பத்தோராம் நாளை நினைத்தால் இப்போதும் முகம் சுடுகிறது. நிலானியின் பெற்றோர் வீட்டில் அவ்வளவு சனம். சாம்பிராணிப் புகைக்கு அலாரம் அடிக்கும் என்று நிலானியின் தகப்பன் கதிரையில் ஏறி நின்று கூரையிலிருந்த அந்தப் பெட்டியைக் கழற்றினார். ஐயர் தண்ணீர் தெளித்தார், துடக்குக் கழிந்தது, பிள்ளைக்கு ஒவ்வொருவராகத் தங்கம் போட்டார்கள். என் முறை வந்தபோது நான் கைப்பையிலிருந்து அந்தப் பதக்கத்தை எடுத்தேன். பொன்னில் பிடித்த புலிநகம். நீ பிள்ளையாக இருந்தபோது போட்டிருந்த அதே நகம். புதுக் கறுப்புக் கயிற்றில் கோத்து, பிள்ளையின் கழுத்தில் கட்டினேன். நீ சமையலறையிலிருந்து வந்தாய். குனிந்து பார்த்தாய். உன் முகம் மாறியதை நான் கண்டேன்.

"என்னம்மா இது?"

"பிள்ளை பயந்து அழாமக் கட்டுறது. நீயும் போட்டதுதானே."

"வேண்டாம் அம்மா," என்று சொல்லிவிட்டு நீ முடிச்சை அவிழ்த்தாய். மெதுவாகத்தான் அவிழ்த்தாய், பிள்ளை முழிக்கக்கூட இல்லை. அதைச் சட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டாய். எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். எனக்கு வந்த கோபத்தில் என் நாக்கு என்னிடம் கேட்டுவிட்டுப் பேசவில்லை.

"மிருகத்துக்குக் காவல் இருக்கப் பிள்ளையை விட்டிட்டுப் போறாய். பிள்ளைக்குக் காவலாக் கிடக்கிற ஒண்டையும் கழட்டுறாய். இதுக்கோ உன்னைப் படிப்பிச்சனாங்கள்?"

நிலானியின் தாய் எனக்குப் பரிந்து, "சம்பந்தி சொல்லுறதிலயும் நியாயம் இருக்குத்தானே தம்பி," என்றார். இன்னும் இரண்டு மூன்று பேர் தலையாட்டினார்கள். நீ மட்டும், "பிறகு கதைப்பம் அம்மா," என்று சொல்லிவிட்டுப் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு யன்னல் பக்கம் போனாய். அந்த நாற்பது பேருக்கும் சொல்கிறேன்: நியாயம் என் பக்கம் இருக்கவில்லை.

நான்கு நாள் கழித்து நீ வீட்டுக்கு வந்தாய். கோபமாக வருவாய் என்று நினைத்து நானும் அதற்குத் தயாராக இருந்தேன். நீயோ நகத்தை மேசையில் வைத்துவிட்டு, பக்கத்தில் அமர்ந்து, நான் வேலை செய்யும் முதியோர் இல்லத்தில் காது கேளாத கிழவிகளுக்குச் சொல்வதுபோல அவ்வளவு பொறுமையாகச் சொன்னாய். "அம்மா, இது உண்மையான நகம். கொம்பில செய்தது இல்லை. இப்பிடி ஒரு சாமான் வீட்டில இருந்தா அறிவிக்கவேணும். சட்டம் வாறதுக்கு முந்தின காலத்துச் சாமான் எண்டா நீங்களே வைச்சிருக்கலாம். அதுக்கு ஒராள் எழுதிக் குடுக்கவேணும். நான் எழுதுறன். என்ர வேலையே இதுதானே, என்ர பேரைக் கண்டா அவை கனக்கக் கேக்கமாட்டினம்." பிறகு கேட்டாய், இது எங்கேயிருந்து வந்தது என்று.

அப்பாவின் பாட்டனார் காலத்திலிருந்து வழிவழியாக வந்தது என்றேன். நீ திரும்பக் கேட்டாய். அதையே சொன்னேன். மூன்றாம் முறை, நகத்தைக் கையில் வைத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டே கேட்டாய். மூன்றாம் முறையும் அதையே சொன்னேன். சோபாவில் இருந்த அப்பா வானிலை அறிக்கையை அன்றுதான் முதன்முதலாகப் பார்ப்பவர்போலப் பார்த்துக்கொண்டிருந்தார். அப்பாவின் வழியில் புலி கிடக்கட்டும், ஒரு பூனைகூட வந்ததில்லை. அது அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும். நீ பேனையை எடுத்து, நான் சொன்னதை உன் வடிவான ஜெர்மனில் எழுதி, கையெழுத்து வைத்தாய். அம்மாவிடமிருந்து ஒன்றைப் பறிக்கக் கூடாது என்று, உன் பேரை என் பொய்க்கு அடியில் வைத்துவிட்டுப் போனாய். அந்தப் பேரை வைத்துத்தான் அங்கே காட்டுக்குள் உன்னை விடுகிறார்கள் என்பது எனக்குத் தெரியாமல் இல்லை.

அன்றிலிருந்து எனக்கு ஒரே கனவுதான். காலை வேலைக்கு நான் முதல் டிராமில் போய், மத்தியானம் வந்து, சாப்பிட்டுச் சற்றுச் சரியும்போது வருகிற கனவு. பாசலில் பனி பெய்திருக்கிறது. ரைன் கரையில் ஒருவரும் இல்லை. அந்தப் பக்கத்துப் பாலம் மூடுபனிக்குள் பாதிதான் தெரிகிறது. கரையோரமாக ஒரு புலி நடந்து வருகிறது. உன் கைபேசியில் நான் பார்த்த அதே புலி, வயிற்றுப் பக்கம் வெள்ளையும் கழுத்தைச் சுற்றி அடர்ந்த மயிரும் உள்ள, குளிருக்கென்றே படைத்த பெரிய புலி. அது என்னைப் பார்ப்பதே இல்லை. படியேறித் தரிப்பிடத்துக்கு வருகிறது, டிராம் வருகிறது, அது ஏறிக்கொள்கிறது. இந்த ஊர்ச் சனத்தைப் பற்றி உனக்குத் தெரியும்தானே, ஒருவரும் ஒன்றும் சொல்வதில்லை. பையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டு இடம் விடுகிறார்கள். நான் மட்டும் வெளியே நின்று பனியில் பதிந்த காலடியைக் குனிந்து பார்க்கிறேன். எந்த விரலில் நகம் இல்லை என்று தேடுகிறேன். புலி நடக்கும்போது நகத்தை உள்ளே இழுத்துக்கொள்ளும், காலடியில் நகம் விழாது என்று நீ எப்போதோ சொன்னது கனவுக்குள்ளேயே ஞாபகம் வருகிறது. அதனால் எனக்கு ஒன்றும் தெரியாமலே முழிப்பு வந்துவிடுகிறது.

அந்தக் காட்டை நான் பார்த்ததில்லை, பார்க்கப்போவதும் இல்லை. ஆனால் உன்னால் அது எனக்குள்ளே எப்படியோ வந்துவிட்டது. நீ படிக்கிற காலத்தில் முதல் தடவை போய் வந்து, உதடு வெடித்து, தாடியோடு, சமையலறையில் நின்றுகொண்டே காட்டிய படங்களை மறக்க முடியாது. மரத்தில் கட்டிய கமரா தானாக எடுத்தவை. முதலில் வெறும் மரம், பனி. பிறகு ஒரு மான் வந்து போகும். பிறகு காட்டுப்பன்றிகள் குட்டிகளோடு பனியைக் கிளறும். பிறகு நெடுநேரம் ஒன்றும் இல்லை. அந்த ஒன்றும் இல்லாத படங்கள்தான் எனக்குப் பிடித்தன. பெரிய பெரிய பைன் மரங்கள், கிளை தாங்காத பனி, அது ஒரு சத்தமும் இல்லாமல் தானாக உதிர்ந்து விழும். நான் அதைப் பார்த்துக்கொண்டே ஒருநாள் சோற்றை அடிப்பிடிக்க விட்டேன். கடைசியில் ஒருநாள் படத்தில் அது வந்தது. வந்து, ஒரு மரத்தில் கன்னத்தைத் தேய்த்து, தன் மணத்தை விட்டு, ஒரு அவசரமும் இல்லாமல் நடந்து மறைந்தது.

அப்போதுதான் நீ விளக்கம் சொன்னாய். அந்தப் பைன் மரத்தின் கொட்டையைத் தின்றுதான் பன்றியும் மானும் பனிக்காலத்தைத் தாண்டுகின்றன. பன்றி இருந்தால்தான் புலி. மரத்தை வெட்டினால் கொட்டை இல்லை, மரம் ஏற்றப் போட்ட பாதையால் துவக்கோடு ஆள் வருகிறான். பன்றிக்கு நோய் வந்து செத்தால் புலி பசியோடு ஊருக்குள் வந்து நாயைப் பிடிக்கிறது, ஊர் கோபிக்கிறது. ஒரு பெண்புலிக்கு எவ்வளவு காடு வேண்டும் என்று கேட்டேன். பாசலிலிருந்து பாடன் போகும் வழியை யன்னலால் பார்த்துக்கொண்டு போங்கோ அம்மா, ரெயில் நிற்கிற வரைக்கும் ஒரு புலியின் வீடு என்று நினையுங்கோ என்றாய். அன்றிலிருந்து அந்த ரெயிலில் போகும்போதெல்லாம் நான் அப்படித்தான் பார்க்கிறேன். ஆறு, குன்று, தொழிற்சாலை, சோளவயல் எல்லாவற்றையும் அழித்துவிட்டு, மரத்தை நட்டு, பனியைப் போட்டு, ஒன்றை நடக்க விடுகிறேன். சீட்டுப் பரிசோதகர் வந்து தோளில் தட்டும்வரை நான் அங்கேதான் இருப்பேன்.

உன் படிப்பை நான் வரவேற்கவில்லை என்பதையும் ஒளிக்க வேண்டியதில்லை. பாசலில் பிறந்த பிள்ளை மருந்துக் கொம்பனிக்குப் போகாமல் புலியின் எச்சத்தைப் பொறுக்கப் போகிறான் என்று நான் தொலைபேசியில் எத்தனை பேரிடம் அழுதிருப்பேன். உனக்குக் கேட்கும் என்று தெரிந்தும் கதவைச் சாத்தாமல் அழுதிருக்கிறேன். அது பிழை. உனக்கும் பிள்ளை வளரும். அவள் எதையாவது விரும்பி நிற்கும்போது, அது உனக்கு விளங்காத ஒன்றாக இருந்தால், வாயைத் திறக்க முதல் ஒருமுறை டிராமில் ஏறி இறங்கிவிட்டு வா. இதைவிட நல்ல புத்திமதி என்னிடம் இல்லை.

இனி உள்ளதைச் சொல்கிறேன். நீ ஏழாம் மாதத்திலேயே பிறந்தாய். நாங்கள் சுவிசுக்கு வந்து ஒரு வருசம்கூட ஆகவில்லை. கையில் தற்காலிகப் பெர்மிட், அதைப் புதுப்பிப்பார்களோ இல்லையோ என்று ஒவ்வொரு மாதமும் ஒரு நடுக்கம். உன்னைக் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்தார்கள். முதல் நாட்களில் என்னைத் தொடவும் விடவில்லை. டொக்டர் சொல்வது விளங்காது. தாதி ஒருத்தி கையால் அளந்து காட்டுவாள், இவ்வளவு வளர வேண்டும் என்று. நான் கண்ணாடிக்கு வெளியே கதிரையில் இருப்பேன். கோயிலும் தெரியாது, அம்மா தொலைபேசியில் கிடைக்க வழியில்லை, அப்பாவுக்கு உணவகத்தில் கோப்பை கழுவுகிற வேலை, விடமாட்டார்கள். எனக்கு எந்த நேரமும் பயம். அந்தப் பயத்தை வைக்க ஒரு இடம் இல்லாமல் நான் அலைந்தேன்.

அந்த நாட்களில்தான் உன் சின்ன மாமா மொஸ்கோவிலிருந்து தொலைபேசி எடுத்தான். என் தம்பிக்கு அப்போது இருபத்திரண்டு வயது. காசு வாங்கிக் களவாக எல்லை தாண்டிவிடும் ஏஜென்சிக்காரன் அவனைக் கொண்டுபோய் மொஸ்கோவில் விட்டிருந்தான். இரண்டு அறைக்குள் இருபதுக்கு மேலே நம் இளம் பெடியள், எல்லையைத் தாண்டும் நாளுக்காக மாதக்கணக்காகக் காத்திருந்தார்கள். "அக்கா, பிள்ளைக்கு என்ன கொண்டு வர?" என்று கேட்டான். எனக்கு ஒரு கணம்கூட யோசனை தேவைப்படவில்லை. ஊரில் நோஞ்சான் பிள்ளைகளுக்குக் கட்டுவார்களே, அதுதான் வாயில் வந்தது. "புலிநகம் கிடைச்சாக் கொண்டு வா," என்றேன். அவன் சிரித்துவிட்டு, "இஞ்ச பனிக்கரடிதான் கிடைக்கும்," என்றான். நான் சிரிக்கவில்லை. "உண்மையான புலிநகம். கேட்டுப் பார்," என்றேன்.

அவன் கேட்டான். கேட்டால் கிடைக்கிற காலமாக அது இருந்தது. சோவியத் நாடு உடைந்து, சனம் வீட்டிலிருந்ததை எல்லாம் வீதியில் வைத்து விற்ற காலம். நிலத்தடி ரெயில் நிலையத்து வாசலில் ஒரு மனிதர் பழைய பதக்கங்கள், கம்பளித் தொப்பிகள், கைக்கடிகாரங்கள் எல்லாம் பரப்பி வைத்திருந்தாராம். ரஷ்ய மொழி தெரியாமல் உன் மாமா விரலை வளைத்துக் காட்டியிருக்கிறான். "அந்தாள் புலி மாதிரி மெல்லமா உறுமிக் காட்டிச்சுது அக்கா, நான் ஓம் ஓம் எண்டு தலையாட்டினன்," என்று பிறகு சொல்லிச் சொல்லிச் சிரிப்பான். அதைக் கோட்டுக் கழுத்துக்குள் வைத்துத் தைத்துக்கொண்டு, காட்டாலும் பனியாலும் நடந்து, மூன்று எல்லை தாண்டி, கால்விரல் மரத்துப்போய் இங்கே வந்து சேர்ந்தான். அவன் வந்த கிழமைதான் உன்னைப் பெட்டியிலிருந்து எடுத்து என் மடியில் தந்தார்கள். நகத்தை ஒரு பத்தரிடம் கொடுத்துப் பொன்னில் பிடிப்பித்தேன். நீ பிழைத்தாய். நகத்தால்தான் பிழைத்தாய் என்று நான் சொல்லவில்லை. ஆனால் அன்றைக்கு என்னிடம் வந்து இல்லை என்று யாராவது சொல்லியிருந்தால் அவரோடு பிறகு கதைத்திருக்க மாட்டேன்.

முதல் பொய்யை உனக்கு ஏழு வயதில் சொன்னேன். பள்ளி விடுமுறையில் ஒரு மிருகக்காட்சிச்சாலைக்குப் போனோம். புலி வேலிக்கு உள்ளே பனியில் படுத்திருந்தது. நீ நெடுநேரம் பார்த்துக்கொண்டு நின்றாய். பிறகு சட்டைக்குள்ளிருந்து பதக்கத்தை வெளியே எடுத்து, அதன் காலையும் உன் கையையும் மாறி மாறிப் பார்த்து, "அம்மா, இது அதின்ரயோ?" என்று கேட்டாய். "இல்லை, இது பழசு. எங்கட ஆக்களின்ர," என்றேன். அன்று வீட்டுக்கு வந்து நீயாகவே அதைக் கழற்றி என்னிடம் தந்தாய். நான் அலுமாரியில் வைத்துப் பூட்டினேன். அந்த ஏழு வயதிலேயே உனக்கு இருந்த புத்தி எனக்கு அறுபது தாண்டியும் வரவில்லை.

பிறகு நீ படித்துவிட்டு வந்து, ஒரு ஞாயிறு, இடியப்பம் சாப்பிட்டுக்கொண்டே சொன்னாய். ஒரு காலத்தில் அந்தப் புலிகளைச் சுட்டுத் தீர்த்து, சில பத்துப் புலிகள்தான் மிஞ்சின. பிறகு சட்டம் போட்டுக் காப்பாற்றி, மெல்ல மெல்லச் சில நூறாக ஆக்கினார்கள். நாடு உடைந்தபோது காவலுக்கு ஆள் இல்லை, எல்லை திறந்துவிட்டது, தோலுக்கும் எலும்புக்கும் நகத்துக்கும் மறுபடி கொன்று குவித்தார்கள். "நான் பிறந்த வருசம்தான் அம்மா ஆக மோசம்," என்றாய். தாய்ப்புலியைச் சுட்டால் குட்டிகளும் போய்விடும், இரண்டு வருசம்வரை தாயோடு இருக்க வேண்டிய குட்டிகள், தனியே ஒரு பனிக்காலத்தைத் தாண்டமாட்டா என்றாய். நான் சொதி எடுத்து வருகிறேன் என்று எழுந்து போனேன். சமையலறையில் கழுவிவைத்த சட்டியைத் திரும்பவும் கழுவினேன். நீ பெட்டிக்குள் கிடந்த அதே பனிக்காலம். அதே மாதங்கள். நான் கண்ணாடிக்கு வெளியே இருந்து ஒரு நகம் கேட்டேன். எங்கேயோ ஒரு மலைச்சரிவில் குட்டிகள் தாயைக் காணாமல் காத்துக்கிடந்திருக்கலாம். இதை அன்று நினைத்தேன். நினைத்ததை யாருக்கும் சொல்லவில்லை. அலுமாரியையும் திறக்கவில்லை. அது பழசாகவே இருந்திருக்க வேண்டும் என்று ஆசைப்பட்டு ஆசைப்பட்டு, கடைசியில் அதை நானே பாதி நம்பிவிட்டேன். இல்லாவிட்டால் உன் பிள்ளையின் கழுத்தில் கட்ட எனக்குக் கை வந்திருக்காது.

நீ கையெழுத்து வைத்துவிட்டுப் போன மறுநாள் சுவிசின் பிரெஞ்சு பேசும் பக்கத்தில், ரெனானில் இருக்கும் உன் மாமாவுக்குத் தொலைபேசி எடுத்தேன். அவன் இப்போது அங்கே பிரெஞ்சுக்காரருக்குச் சாமான் விநியோகித்துக்கொண்டு, பேச்சுக்குப் பேச்சு அவர்களைப்போலவே தோளைக் குலுக்குகிறானாம். அந்த நகத்தைப் பற்றிக் கேட்டேன். வழக்கமாகச் சிரிக்கிறவன் சிரிக்கவில்லை.

"அக்கா, அது ஒண்டு மட்டும் இல்லை," என்றான். "அந்த மனுசன் தேத்தண்ணி குடிக்கிற கிளாசுக்குள்ள நிறைய வைச்சிருந்தது. நான் வாங்கிக்கொண்டு வந்து காட்டினாப் பிறகு, எங்கட அறைப் பெடியளும் போய் வாங்கினவங்கள். ஊரில இருக்கிற பிள்ளைக்கு, கனடாவில பிறந்த மருமகனுக்கு எண்டு. கடைசியாப் போனவனுக்கு இல்லையாம். கிளாஸ் முடிஞ்சு போச்சு."

ஒரு புலிக்குப் பதினெட்டு நகம் என்று நீ சொல்லித் தந்திருக்கிறாய். நான் தொலைபேசியை வைத்துவிட்டு விரல் விட்டு எண்ணிப் பார்த்தேன். ஒரு முழுப் புலி அந்தக் கிளாசுக்குள் இருந்திருக்கிறது. அதை வாங்கி முடித்தது நம்முடைய ஆட்கள், காட்டைப் பற்றியோ புலியைப் பற்றியோ ஒரு கெட்ட எண்ணமும் இல்லாத, ஊரையும் வீட்டையும் இழந்து வந்த பெடியள். ஒவ்வொருவரும் ஒவ்வொரு நாட்டுக்குப் போனார்கள். அந்தப் புலி இப்போது ரொரன்ரோவிலும் பாரிசிலும் ஒஸ்லோவிலும் ஒவ்வொரு அலுமாரியில் பொன்னோடு கிடக்கிறது. இந்தக் கடிதத்தை எல்லோரும் வாசிக்கக் கொடுத்ததற்கு அதுவும் ஒரு காரணம். உங்கள் வீட்டில் அப்படி ஒன்று இருந்தால், அது எங்கிருந்து வந்தது என்று ஒருவரை ஒருவர் கேளுங்கள். வழிவழியாக வந்தது என்று யாராவது சொன்னால் இன்னொருமுறை கேளுங்கள். மாமாவிடம் இதை எழுதட்டுமா என்று கேட்டேன். "எழுதுங்கோ அக்கா. என்ர பேரை மட்டும் போட்டிடாதேங்கோ," என்றான். போடவில்லை.

அன்று மாலை அப்பாவிடம் சொன்னேன், மகனுக்கு உண்மை தெரிந்தால் என்னை என்ன நினைப்பான் என்று. அவர் செய்தித்தாளை மடித்து வைத்தார். "அவன் பொய்க்குக் கையெழுத்து வைச்சது தெரிஞ்சா, அவனைப் பற்றி மற்றவை என்ன நினைப்பினம்? அதை யோசியும்," என்றார். முப்பது வருசத்தில் அவர் எனக்குச் சொன்ன மிக நீளமான புத்திமதி அதுதான்.

நீ கையெழுத்து வைத்த தாளைக் கிழித்துவிட்டேன். நேற்று இருவருமாக டிராம் ஏறி அந்த அலுவலகத்துக்குப் போனோம். நகத்தை ஒரு சின்னப் பெட்டியில், பஞ்சு வைத்துக் கொண்டுபோனேன். சுவிசின் சிவப்புப் பாஸ்போர்ட் கையில் வந்து எத்தனையோ காலமாகியும், நிரப்பச் சொல்லி ஒரு ஃபோர்முலாரை, அந்தப் படிவத்தைக் கண்டால் நான் இன்னும் பெர்மிட் கேட்டு வந்த பெண்தான். மேசைக்கு அந்தப் பக்கம் உன் வயதில் ஒரு பெண் பிள்ளை. யன்னலில் ஒரு பூச்சாடி. பெட்டியைத் திறந்து பார்த்துவிட்டு அவள் கையுறை எடுத்துப் போட்டுக்கொண்டாள். நான் முதியோர் இல்லத்து ஜெர்மனில் எல்லாவற்றையும் சொன்னேன். கண்ணாடிப் பெட்டி, தொலைபேசி, மொஸ்கோ, தேநீர்க் கிளாஸ். அவள் இடையில் நிறுத்தி, ஒரு சொல் எனக்குக் கடினமாக இருந்தபோது அதை எடுத்துத் தந்தாள். பிறகு, நீங்கள் கேட்டு வாங்கியது என்று எழுதத் தேவையில்லை, தம்பி தந்த பரிசு என்று எழுதினால் போதும் என்றாள். நல்ல பிள்ளை. எனக்கு ஒரு கதவைத் திறந்து விட்டாள். அப்பா என்னைப் பார்த்தார். நான், "இல்லை, கேட்டது நான். அப்படியே எழுதுங்கள்," என்றேன். அவள் எழுதினாள். அதன் கீழே நான் கையெழுத்து வைத்தேன். இனி என்ன நடக்கும் என்று கேட்டேன். வீட்டுக்குக் கடிதம் வரும் என்றாள். வரட்டும். நகத்தை என்ன செய்வீர்கள் என்றேன். ஆராய்ச்சிக்கு அனுப்பினால் எந்தக் காட்டிலிருந்து வந்தது என்றுகூடச் சிலவேளை சொல்ல முடியும் என்றாள். தெரிந்தால் எனக்கும் சொல்லச் சொன்னேன். வெளியே வந்தபோது மழை. அப்பா குடையை விரித்துவிட்டு, "பசிக்குதோ?" என்று கேட்டார்.

அதனால் மகனே, உன் பேரில் இப்போது பொய் ஒன்றும் இல்லை. நீ என்னோடு கோபித்துக்கொள்ள உனக்கு உரிமை உண்டு. கோபித்துக்கொள். ஆனால் இனிமேல் என்னைக் காப்பாற்ற என்று உன் கையெழுத்தைத் தராதே. அம்மா சொன்னாலும் தராதே. என்மேல் அன்பு இருந்தால் நாலாம் முறையும் கேள். காலுக்கு இரண்டு சோடிக் காலுறை போடு, ஈரமானால் உடனே மாற்று. வாரத்துக்கு ஒருமுறையாவது நிலானிக்கு எடு. சிக்னல் இல்லை என்ற கதை வேண்டாம், மலையில் ஏறி நின்று எடு. பன்றிக்கு அங்கே நோய் விட்டுவிட்டதா, பைன் கொட்டை இந்த வருசம் எப்படி என்று எனக்கும் சொல். நம்பமாட்டாய், வேலைக்குப் போகிற வழியில் அதைத்தான் நான் இப்போது நினைக்கிறேன். எல்லை கடந்து சீனப் பக்கத்துக்குப் புலிகள் திரும்பி வருகின்றன என்று நீ சொன்னாயே, அந்தக் காட்டில் குட்டிகளோடு ஒரு தாய் வந்தால் கமராவை அசைக்காதே. தூரத்தில் நில். அது போக விடு.

இங்கே நிலானி டொக்டரிடம் போயிருக்கிறாள். பிள்ளை எனக்குப் பக்கத்தில் தூங்குகிறாள். அவள் கழுத்தில் ஒன்றும் இல்லை. கனவில் எதையோ கண்டு இடைக்கிடை உதடு பிதுக்குகிறாள், பிறகு தானாகவே அடங்குகிறாள். நீ பயப்படாமல் போய்விட்டு வா. பயந்து அழுதால் தூக்குவேன். அதற்கு எனக்கு இரண்டு கை இருக்கிறது.

அம்மா